கத்தியைப் பறித்த பிறகு என்ன நடந்தது? கொலைத் தீர்ப்பு மேல்முறையீட்டில் குறைவது எப்படி?

கைப்பேசியில் ஒரு செய்தி வந்து விழுகிறது. கொலைக் குற்றத்துக்காக மரண தண்டனை விதிக்கப்பட்ட ஒருவருக்கு மேல்முறையீட்டில் குற்றம் குறைக்கப்பட்டிருக்கிறது. அடுத்த நிமிடமே குடும்ப வாட்ஸ்அப் குழுவில் பெரியப்பா கேட்கிறார்: "அப்போ தப்பிச்சிட்டானா?"

தப்பவில்லை. பல ஆண்டுகள் சிறையில்தான் இருப்பார். ஆனால் தூக்குக் கயிறு விலகிவிட்டது. அதே ஆள், அதே கத்தி, அதே மரணம். அப்படியானால் மாறியது என்ன?

இப்படிப்பட்ட வழக்குகளில் அடிக்கடி எழும் ஒரு வாதம், "என்னைக் காப்பாற்றிக்கொள்ளத்தான் அடித்தேன்" என்பது. சில நேரம் அது ஆளை முழுவதுமாக விடுவிக்கிறது. சில நேரம் பாதி தூரம் மட்டும் கைகொடுக்கிறது. பல நேரம் எடுபடுவதே இல்லை. அந்தப் 'பாதி தூரம்' எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று சிங்கப்பூர்ச் சட்டத்தை வைத்துப் பார்ப்போம்.

முதலில் இரண்டு சொற்கள்

நம் ஊர்த் தமிழில் 'தற்காப்பு' ரொம்பவே உழைக்கும் சொல். தற்காப்பு அமைச்சு இருக்கிறது. தீயணைக்க வருவது குடிமைத் தற்காப்புப் படை. நீதிமன்றத்தில் குற்றஞ்சாட்டப்பட்டவருக்காகப் பேசுபவர் தற்காப்பு வழக்கறிஞர். அதனால் செய்தி எழுதும்போது "தற்காப்பு வழக்கறிஞர் தற்காப்பு வாதத்தை முன்வைத்தார்" என்று வந்து தொலைக்கும். தலையைப் பிய்த்துக்கொள்வோம்.

இந்தக் கட்டுரையில் தற்காப்பு என்றால் ஒரே பொருள்தான். தாக்க வருபவரிடமிருந்து உயிரையோ உடலையோ சொத்தையோ காக்கச் சட்டம் கொடுக்கும் உரிமை. உங்களை மட்டுமல்ல, பக்கத்தில் இருப்பவரைக் காப்பாற்றவும் அந்த உரிமை உண்டு.

அடுத்தது, 'நோக்கமில்லாக் கொலை'. கொலைக்கு ஒரு படி கீழே உள்ள குற்றத்தைத் தமிழ்ச் செய்திகளில் இப்படித்தான் சுருக்கமாகச் சொல்கிறோம். சொல்ல வசதியான பெயர், ஆனால் சரியான பெயர் இல்லை. அந்தக் குற்றத்திலேயே இரண்டு வகை இருக்கிறது. ஒன்றில் கொல்லும் நோக்கமோ, மரணம் விளைவிக்கக்கூடிய காயம் ஏற்படுத்தும் நோக்கமோ இருக்கும். இன்னொன்றில் நோக்கம் இருக்காது. 'இப்படிச் செய்தால் ஆள் சாகக்கூடும்' என்ற அறிவு மட்டும் இருக்கும். தற்காப்பு எல்லையை மீறியதால் குறைக்கப்படும் வழக்குகளில் பெரும்பாலும் நோக்கம் இருந்திருக்கும். 'கொலையாகாத மரணம்' என்று வைத்துக்கொள்வது கொஞ்சம் பரவாயில்லை. இங்கே அதையே பயன்படுத்துகிறேன்.

ஒரே சண்டை, மூன்று முடிவுகள்

நேரம் இரவு 2 மணி. உங்கள் புளோக்கின் கீழ்த்தளம். முன்பின் தெரியாத ஒருவர் கத்தியோடு உங்கள் மேல் பாய்கிறார். இழுபறியில் கத்தி உங்கள் கைக்கு வந்துவிடுகிறது. கடைசியில் அவர் இறந்துபோகிறார்.

கத்தி கைமாறிய பிறகும் அவர் விடவில்லை. உங்கள் கழுத்தை நெரிக்கிறார். நீங்கள் குத்துகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். இது முழுமையான தற்காப்பாக இருக்க வாய்ப்பு அதிகம். உயிர் போய்விடும் அல்லது கொடுங்காயம் ஏற்படும் என்று நியாயமாகவே அஞ்ச வைக்கும் தாக்குதல் என்றால், தாக்கியவருக்கு மரணம் விளைவிக்கும் அளவுக்குக்கூட உரிமை நீளும். அப்போது அது குற்றமே இல்லை. விடுதலைதான்.

இப்போது கதையைக் கொஞ்சம் மாற்றுவோம். முதல் குத்திலேயே அவர் தளர்ந்து சரிகிறார். உங்களுக்கோ உடம்பெல்லாம் நடுக்கம். அவர் மறுபடி எழுந்துவிடுவாரோ என்ற பயம். இன்னும் சில முறை குத்திவிடுகிறீர்கள். தற்காத்துக்கொள்ளும் உரிமை உங்களுக்கு இருந்தது. ஆனால் அதன் அளவைத் தாண்டிவிட்டீர்கள். 'பாதி தூரம்' என்று நான் சொன்னது இதைத்தான்.

மூன்றாவது கதையில், கத்தி கைமாறியதும் அவர் திரும்பி ஓடுகிறார். நீங்கள் விரட்டிப் பிடித்துக் குத்துகிறீர்கள். ஆபத்து முடிந்த இடத்தில் உரிமையும் முடிந்துவிட்டது. இதற்குச் சட்டம் வைத்திருக்கும் பெயர் தற்காப்பு அல்ல, பழிவாங்கல். வேறு விதிவிலக்கு எதுவும் பொருந்தாவிட்டால் இது கொலை.

மூன்று கதைகளுக்கும் இடையே இருப்பது சில விநாடிகள்தான். வழக்கறிஞர்களும் நீதிபதிகளும் பல ஆண்டுகள் விவாதிப்பது அந்தச் சில விநாடிகளைப் பற்றித்தான்.

சட்டத்தில் இது எங்கே இருக்கிறது?

தண்டனைச் சட்டத்தின் 300ஆம் பிரிவு எது கொலை என்று சொல்கிறது. அதோடு விதிவிலக்குகளையும் அடுக்குகிறது. ஆத்திரமூட்டலால் தன்னிலை இழப்பது, திடீர்ச் சண்டை, மனநலக் குறைபாட்டால் பொறுப்பு குறைவது எல்லாம் அதில் வரும். இரண்டாவது விதிவிலக்குதான் நம் விஷயம். நல்லெண்ணத்தோடு தற்காப்பு உரிமையைப் பயன்படுத்தும்போது எல்லை மீறி ஒருவருக்கு மரணம் விளைவித்தால் அது கொலையாகாது. ஆனால் முன்கூட்டித் திட்டமிட்டிருக்கக் கூடாது. தற்காப்புக்குத் தேவையானதைவிட அதிகத் தீங்கு செய்யும் எண்ணமும் இருந்திருக்கக் கூடாது.

கடைசி வரியை மறுபடி படியுங்கள். எல்லை மீறியிருக்க வேண்டும், ஆனால் மீறும் எண்ணம் இருக்கக் கூடாது. சட்ட மாணவர்களையே குழப்பும் இடம் இது. பொருள் இதுதான்: 'இவ்வளவு செய்தால்தான் பிழைப்பேன்' என்று அந்த நேரத்தில் நீங்கள் உண்மையாகவே நம்பியிருக்க வேண்டும். அமைதியாக யோசித்துப் பார்த்தால் அவ்வளவு தேவைப்பட்டிருக்காது. ஆனால் அந்த நொடியில் உங்கள் மனத்தில் 'இதோடு சேர்த்து நாலு குத்து வாங்கிக்கோ' என்ற எண்ணம் இருக்கவில்லை.

இந்தியாவில் 1860இல் இயற்றப்பட்ட தண்டனைச் சட்டமே இதற்கு ஓர் உதாரணம் கொடுத்தது. ஒருவர் இன்னொருவரைக் குதிரைச் சவுக்கால் அடிக்க வருகிறார். கொடுங்காயம் ஏற்படும் அளவுக்கு இல்லை. அடி வாங்கப்போகிறவர் துப்பாக்கியை எடுத்துக் காட்டுகிறார். வந்தவர் நிற்கவில்லை. வேறு வழியே இல்லை என்று நல்லெண்ணத்தோடு நம்பிச் சுட்டுவிடுகிறார். சுட்டது கொலையல்ல, கொலையாகாத மரணம் என்கிறது சட்டம். சவுக்கடிக்குத் துப்பாக்கிக்குண்டு அதிகம்தான். ஆனால் அவர் கொலைகாரர் இல்லை.

சவுக்கும் கைத்துப்பாக்கியும் எங்கிருந்து வந்தன என்று யோசிக்கிறீர்களா? அந்த இந்தியச் சட்டத்தை ஒட்டித்தான் 1871இல் நீரிணைக் குடியேற்றங்களுக்கான தண்டனைச் சட்டம் இயற்றப்பட்டது. நாம் இன்றும் பயன்படுத்துவது பலமுறை திருத்தப்பட்ட அதே சட்டம். தமிழ்ப் படத்தில் போலீஸ்காரர் "302ல உள்ள தள்ளிடுவேன்" என்று மிரட்டுவாரே, அந்த 302 சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் கொலைக்கான தண்டனைப் பிரிவாக இருப்பது தற்செயல் இல்லை. இந்தியாவில் 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டம் வந்து அந்த எண் 103 ஆகிவிட்டது. படங்கள் மாற இன்னும் சில வருஷம் ஆகலாம்.

சட்டத்தைக் கொண்டுவந்த இங்கிலாந்திலேயே இந்த இரண்டாவது விதிவிலக்கு கிடையாது. அங்கே தற்காப்பு எடுபட்டால் விடுதலை, எடுபடாவிட்டால் கொலை. வட அயர்லாந்தில் பணியிலிருந்த ஒரு ராணுவ வீரர் காரை நோக்கிச் சுட்ட வழக்கில், அளவுக்கு மீறிய தற்காப்பு என்ற காரணத்துக்காகக் கொலைக் குற்றத்தைக் குறைக்க முடியாது என்று 1995இல் அந்நாட்டின் உச்ச அமர்வே சொல்லிவிட்டது. இந்த ஒரு விஷயத்தில் காலனிக்கு எழுதிய சட்டம் தாய்நாட்டுச் சட்டத்தைவிட மனிதர்களைக் கொஞ்சம் அதிகமாகப் புரிந்துவைத்திருக்கிறது என்று எனக்குத் தோன்றும்.

கத்தி கைமாறிய இரண்டு வழக்குகள்

1993இல் சிங்கப்பூரில் ஒரு மேல்முறையீடு. உயர் நீதிமன்றம் ஒருவரைக் கொலைக் குற்றவாளி என்று தீர்ப்பளித்திருந்தது. சண்டையில் முதலில் கத்தி இருந்தது இறந்துபோனவரின் கையில். குற்றஞ்சாட்டப்பட்டவர் அதைத் தன் வசமாக்கிக்கொண்டு குத்தினார்.

கத்தி போன பிறகு எதிராளியால் என்ன ஆபத்து என்று கேட்கத் தோன்றும். ஆனால் ஆயுதம் கைமாறியதாலேயே ஆபத்து முடிந்துவிடாது. அவர் மறுபடி பாய்ந்து பறிக்கலாம். ஆபத்து பற்றிய நியாயமான அச்சம் நீடிக்கும்வரை உரிமையும் நீடிக்கும். அந்த வழக்கில் தற்காப்பு உரிமை இருந்தது, ஆனால் அதன் எல்லை மீறப்பட்டது என்று மேல்முறையீட்டில் முடிவானது. கொலைத் தீர்ப்பு ரத்தாகி, கொலையாகாத மரணமாக மாறியது.

இதே கதையை இன்னொருவர் சொல்லி எடுபடாமல் போனதும் உண்டு. 2013 ஜூலை 10ஆம் தேதி நடந்த கோவன் இரட்டைக் கொலை உங்களில் பலருக்கு நினைவிருக்கும். தந்தையும் மகனும் கொல்லப்பட்டார்கள். காருக்கு அடியில் சிக்கிய மகனின் உடல் கோவன் ரயில் நிலையம்வரை இழுத்துச் செல்லப்பட்டது. குற்றம் சாட்டப்பட்ட இஸ்கந்தர் ரஹ்மாட் அப்போது காவல்துறை அதிகாரி. கடனில் மூழ்கியிருந்தார். முதியவர் பாதுகாப்புப் பெட்டகத்தில் வைத்திருந்த பணத்தைத் தந்திரமாக எடுத்துக்கொண்டு ஓடுவதுதான் தம் திட்டம் என்றார். முதியவர் கத்தியோடு வந்ததால் தற்காத்துக்கொள்ளவே குத்தியதாகச் சொன்னார்.

உயர் நீதிமன்றம் அதை நம்பவில்லை. 2017 பிப்ரவரியில் மேல்முறையீட்டு நீதிமன்றமும் நம்பவில்லை. அவர் சொன்ன கதை ஒரு பக்கம் இருக்க, காயங்கள் சொன்ன கதை வேறாக இருந்தது. கழுத்து, மார்பு, தலை என்று உயிர்நிலைகளில் பலமுறை குத்தப்பட்டிருந்தது. தாக்க வந்ததாகச் சொல்லப்பட்டவருக்கு வயது 67. எதிரே நின்றவர் காவல்துறையில் பயிற்சி பெற்ற 34 வயதுக்காரர். 2025 பிப்ரவரி 5ஆம் தேதி அவருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது.

இரண்டு வழக்கிலும் 'கத்தி முதலில் அவர் கையில்தான் இருந்தது' என்பதுதான் வாதம். ஒன்றில் சாட்சியங்கள் அதைத் தாங்கின, மற்றதில் தாங்கவில்லை.

சண்டையை யார் வரவழைத்தார்கள் என்பதும் முக்கியம். 'ஒற்றைக் கண் டிராகன்' என்று பத்திரிகைகள் அழைத்த டான் சோர் ஜின், 2006இல் இரவு விடுதி உரிமையாளர் ஒருவரை அவருடைய வீட்டிலேயே சுட்டுக் கொன்றார். அவர்மீது சாட்டப்பட்டது துப்பாக்கிக் குற்றம், 300ஆம் பிரிவு அல்ல. ஆனாலும் தற்காப்பு வாதத்தை முன்வைத்தார். அடுத்தவர் வீட்டுக்குள் துப்பாக்கியோடு நுழைந்துவிட்டு, வீட்டுக்காரர் எதிர்த்ததும் 'நான் தற்காத்துக்கொண்டேன்' என்று சொன்னால் எடுபடுமா? எடுபடவில்லை. ஆனால் மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தத் தீர்ப்பில் தற்காப்புச் சட்டத்தை விரிவாக விளக்கிவைத்தது. பின்னால் வந்த வழக்குகளில் அது திரும்பத் திரும்ப எடுத்தாளப்பட்டது.

அந்த விளக்கத்தில் உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டியவை: தாக்குதல் உண்மையிலேயே இருந்ததா, அதிகாரிகளின் உதவியை நாட நியாயமான வாய்ப்பு இருந்ததா, அச்சம் நியாயமானதா, பதிலடி நியாயமாகத் தேவைப்பட்ட அளவில் இருந்ததா. அதே நேரம், உயிருக்குப் போராடும் ஆள் தராசு வைத்து அளந்து அடிக்க முடியாது என்பதையும் நீதிமன்றம் கணக்கில் எடுத்துக்கொள்ளும். குளிரூட்டப்பட்ட அறையில் உட்கார்ந்துகொண்டு 'இரண்டாவது அடி தேவையா?' என்று கேட்பது எல்லாருக்கும் சுலபம்தானே.

நிரூபிக்க வேண்டியது யார்?

பலர் தவறாகப் புரிந்துகொள்ளும் இடம் இது. கொலைக்கான கூறுகளைச் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டியது அரசாங்கத் தரப்பு. சரி. ஆனால் தற்காப்பு என்று சொன்னால், அதை நிரூபிக்க வேண்டிய பொறுப்பு குற்றஞ்சாட்டப்பட்டவர் தலையில் விழுகிறது. சந்தேகத்துக்கு இடமின்றி என்ற அளவுக்கு இல்லை. 'நடக்காததைவிட நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம்' என்று காட்டினால் போதும். இங்கிலாந்தில் தலைகீழ்: தற்காப்புக்குக் கொஞ்சம் ஆதாரம் காட்டிவிட்டால், அது தற்காப்பு இல்லை என்று அரசாங்கத் தரப்புதான் நிரூபிக்க வேண்டும்.

நடைமுறையில் இது லேசான பாரம் இல்லை. இறந்தவர் பேச மாட்டார். பல நேரம் வேறு சாட்சியும் இருக்காது. அப்புறம் பேசுவதெல்லாம் பொருள்கள்தான். காயம் முன்பக்கமா, முதுகிலா? இறந்தவரின் கைகளில் தடுக்க முயன்ற வெட்டுகள் உண்டா? குற்றஞ்சாட்டப்பட்டவர் உடம்பில் என்ன காயம்? ரத்தத்துளிகள் ஒரே இடத்திலா, அறை முழுவதுமா? மின்தூக்கிக் கேமராவில் அவர் ஓடினாரா, நிதானமாக நடந்தாரா?

மேல்முறையீட்டில் என்ன நடக்கும்?

கொலை வழக்கை முதலில் விசாரிப்பது உயர் நீதிமன்றம். ஜூரி கிடையாது, ஒரு நீதிபதி. மேல்முறையீட்டு மனு 14 நாளுக்குள் போட வேண்டும். அதைக் கேட்பது வழக்கமாக மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு. மரண தண்டனை விதிக்கப்பட்டவர் 'எனக்கு மேல்முறையீடே வேண்டாம்' என்று இருந்தாலும்கூட, அந்தத் தண்டனையை மேல்முறையீட்டு நீதிமன்றம் பரிசீலிக்காமல் நிறைவேற்ற முடியாது. 2013 முதல் அது சட்டம்.

படத்தில் வருவதுபோல் புதிய சாட்சி கதவைத் திறந்துகொண்டு ஓடிவருவதெல்லாம் மிக அபூர்வம். புதிய ஆதாரத்துக்கான விதிகள் கடுமையானவை. நீதிபதிகள் முன்னால் இருப்பது முந்தைய விசாரணையின் பதிவுகள்தான். சாட்சி பேசும்போது அவர் முகத்தைப் பார்த்தவர் விசாரணை நீதிபதி. அதனால் யாரை நம்புவது என்பதில் மேல்முறையீட்டு நீதிமன்றம் சுலபத்தில் தலையிடாது. முடிவு சாட்சியங்களுக்கு வெளிப்படையாகவே முரணாக இருந்தால், அல்லது சட்டத்தைப் பொருத்தியதில் தவறு இருந்தால் தலையிடும். உண்மைகளைத் தொடாமல், அதே உண்மைகளின் மீது வேறு சட்ட முடிவுக்கு வரவும் முடியும்.

குறைப்பிலும் வகைகள் உண்டு. 2019இல் ஒரு வழக்கில், கேலாங் விடுதியில் உலோகத் தடியால் ஒருவரை அடித்துக் கொன்றவரின் கொலைத் தீர்ப்பு அப்படியே நின்றது. ஆனால் கொல்லும் நோக்கம் நிரூபிக்கப்படவில்லை என்று 300(அ) பிரிவிலிருந்து 300(இ) பிரிவுக்கு மாற்றினார்கள். குற்றத்தின் பெயர் கொலையேதான், ஆனால் மரண தண்டனை ஆயுள் தண்டனையானது. ஒரே ஓர் எழுத்து மாறியதுக்கு அவ்வளவு எடை.

மேல்முறையீடு என்றாலே குறையும் என்று நினைக்க வேண்டாம். அரசாங்கத் தரப்பும் மேல்முறையீடு செய்யலாம். சரவாக்கைச் சேர்ந்த கோ ஜாபிங்குக்கு 2013இல் ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டது, 2015இல் மூன்றுக்கு இரண்டு என்ற பெரும்பான்மையில் மீண்டும் மரண தண்டனையானது. 2016 மே மாதம் நிறைவேற்றப்பட்டது.

எவ்வளவு வித்தியாசம்?

கொல்லும் நோக்கத்தோடு செய்த கொலை என்றால் சிங்கப்பூரில் மரண தண்டனை கட்டாயம். மற்ற வகைக் கொலைகளுக்கு 2013 முதல் மரண தண்டனை அல்லது ஆயுள் தண்டனை. ஆயுள் தண்டனையோடு பிரம்படியும் விதிக்கலாம். கொலையாகாத மரணம், அதுவும் நோக்கத்தோடு செய்தது என்றால், ஆயுள் தண்டனை அல்லது அதிகபட்சம் 20 ஆண்டுச் சிறை. இங்கே ஆயுள் என்றால் சாகும்வரை என்றுதான் பொருள், 20 ஆண்டுக்குப் பிறகு விடுவிக்கலாமா என்று பரிசீலிப்பார்கள். பெரியப்பாவின் கேள்விக்கு இதுதான் பதில்.

பாலத்துக்கு அந்தப் பக்கம், மலேசியாவிலும் அதே இரண்டாவது விதிவிலக்கு இருக்கிறது. முன்பு அங்கே கொலை என்றாலே கட்டாய மரண தண்டனை. அரச மன்னிப்பை விட்டால், மேல்முறையீட்டில் குற்றம் குறைவதுதான் தூக்கிலிருந்து தப்ப இருந்த வழி. 2023 ஜூலை 4 முதல் கட்டாயம் நீங்கியது. இப்போது நீதிபதி மரண தண்டனையோ 30 முதல் 40 ஆண்டுச் சிறையோ விதிக்கலாம். குறைக்கப்பட்ட குற்றத்துக்கு அங்கே அதிகபட்சம் 30 ஆண்டு.

'பாதுகாப்புக்காகக் கத்தி வைத்திருந்தேன்'

இளையர்களிடம் இதை அடிக்கடி கேட்கிறோம். தகுந்த காரணமில்லாமல் பொது இடத்தில் ஆயுதம் வைத்திருப்பதே தனிக் குற்றம். சண்டை வந்த பிறகோ, நீங்கள் தயாராக வந்தீர்கள் என்பதற்கு அதுவே ஆதாரமாகிவிடும். முன்கூட்டித் திட்டமிட்டிருக்கக் கூடாது என்ற நிபந்தனை நினைவிருக்கிறதா?

முதல் வாக்குமூலம்

குற்றம் சாட்டப்பட்டவுடன் காவல்துறை எழுத்தில் ஓர் எச்சரிக்கையைக் கொடுக்கும். உங்கள் தற்காப்புக்கு உதவும் விஷயம் எதையாவது இப்போது சொல்லாமல் விட்டுவிட்டு விசாரணையில் முதன்முறையாகச் சொன்னால், நீதிபதி அதை நம்புவதற்கான வாய்ப்பு குறையலாம் என்று அதில் இருக்கும். தற்காப்பு வழக்குகளில் இந்த வரி கனமானது. 'அவன்தான் முதலில் கத்தியை எடுத்தான்' என்ற வாக்கியம் முதல் வாக்குமூலத்தில் இருந்ததா, இல்லை ஒன்றரை வருஷம் கழித்துக் கூண்டில் ஏறித்தான் வந்ததா என்பது மேல்முறையீடுவரை கூடவே வரும்.

மரண தண்டனை விதிக்கக்கூடிய வழக்குகளில், வசதி இல்லாதவர்களுக்கு உச்ச நீதிமன்றத்தின் சட்ட உதவித் திட்டத்தின்கீழ் வழக்கறிஞர்கள் நியமிக்கப்படுகிறார்கள். விசாரணைக்கு மட்டுமல்ல, மேல்முறையீட்டுக்கும் அது உண்டு.